போலீஸ் பிடித்த வண்டி எப்போது திரும்பக் கிடைக்கும்? மணல் டிராக்டர் முதல் கஞ்சா லாரி வரை... கோர்ட் போடும் நிபந்தனைகள் என்னென்ன?

புதுக்கோட்டை மாவட்டத்தில் பல காவல் நிலையங்களின் வாசலில் ஒரே காட்சிதான். காற்று இறங்கிய டயரோடு டிராக்டர், கண்ணாடி உடைந்த டிப்பர், மேலே செடி படர்ந்த பைக்குகள். வெள்ளாற்றில் மணல் அள்ளியதாகப் பிடித்தது ஒன்று, நடைச்சீட்டு இல்லாமல் கிராவல் ஏற்றியதாகப் பிடித்தது இன்னொன்று, ரேஷன் அரிசி வழக்கில் நிற்பது மற்றொன்று. வழக்கு முடிய வருஷக்கணக்கில் ஆகலாம். வண்டி அதுவரை வெயிலிலும் மழையிலும் நிற்க வேண்டியதுதானா?

இல்லை. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே வண்டியை இடைக்காலமாக உரிமையாளரிடம் ஒப்படைக்கச் சட்டத்தில் வழி இருக்கிறது. ஆனால் வண்டி எந்த வழக்கில் சிக்கியது என்பதைப் பொறுத்து போக வேண்டிய கதவு மாறும். தவறான கதவைத் தட்டினால் மாசங்கள் ஓடிப்போகும், கடன் தவணை மட்டும் நிற்காது.

சட்டம் என்ன சொல்கிறது?

2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. முன்பு வக்கீல்கள் 451, 457 என்று சொல்லிவந்த பிரிவுகள் இப்போது 497, 503. இரண்டுக்கும் வித்தியாசம் எளிது. பிடிபட்ட சொத்து விசாரணையின்போது கோர்ட்டில் ஆஜர்படுத்தப்பட்டிருந்தால் 497. போலீஸ் பறிமுதல் செய்து மாஜிஸ்திரேட்டுக்குத் தகவல் மட்டும் கொடுத்து, சொத்து இன்னும் கோர்ட்டுக்கு வராமல் இருந்தால் 503. நடைமுறையில் இரண்டு பிரிவையும் சேர்த்தே மனுவில் எழுதிவிடுகிறார்கள்.

புதிய சட்டத்தில் பலர் கவனிக்காத ஒரு விஷயம் உண்டு. சொத்து கோர்ட்டில் ஆஜரான 14 நாட்களுக்குள் அதன் விவரப் பட்டியலைத் தயாரிக்க வேண்டும். போட்டோ எடுக்க வேண்டும், தேவைப்பட்டால் வீடியோவும். பட்டியல் தயாரான 30 நாட்களுக்குள் அந்தச் சொத்தை ஒப்படைப்பதா, அழிப்பதா, அரசுடைமை ஆக்குவதா என்று உத்தரவு போட வேண்டும். பின்னால் விசாரணையில் அந்தப் பட்டியலும் படங்களுமே சாட்சியமாகப் பயன்படும். ‘வண்டியை விட்டுவிட்டால் வழக்கில் சாட்சியம் போய்விடும்’ என்ற பழைய வாதத்துக்குச் சட்டமே பதில் சொல்லிவிட்டது என்று அர்த்தம்.

அடித்தளம் போட்ட 2002 தீர்ப்பு

இந்த விஷயத்தில் எந்த மனுவை எடுத்தாலும் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் எதிர் குஜராத் மாநிலம் என்ற பெயர் கட்டாயம் இருக்கும். 2002 அக்டோபர் 1-ம் தேதி உச்ச நீதிமன்றம் தந்த உத்தரவு அது. அந்த வழக்கு வந்த கதையே சுவாரஸ்யமானது. ஸ்டேஷனில் பத்திரமாக வைத்திருக்க வேண்டிய வழக்குச் சொத்துகளை போலீஸாரே கையாடல் செய்துவிட்டதாக எழுந்த புகாரில் இருந்து பிறந்தது. ஆக, ‘ஸ்டேஷனில் இருந்தால் பாதுகாப்பு’ என்ற நம்பிக்கைக்கு அங்கேயே அடி விழுந்தது.

பிடிபட்ட வாகனங்களை நீண்ட காலம் காவல் நிலையத்தில் வைத்திருப்பதால் யாருக்கும் பயன் இல்லை என்றது உச்ச நீதிமன்றம். உரிய பாண்டும் உத்தரவாதமும் வாங்கிக்கொண்டு, கேட்கும்போது திருப்பிக் கொண்டுவர வேண்டும் என்ற நிபந்தனையோடு மாஜிஸ்திரேட் உடனடியாக உத்தரவிட வேண்டும் என்றும் சொன்னது. யாரும் உரிமை கோராத வண்டியை ஏலம் விடலாம். காப்பீடு செய்த வண்டி என்றால் இன்சூரன்ஸ் நிறுவனமும் வந்து கேட்கலாம்.

கோர்ட்டில் என்ன நடக்கும்?

விபத்து, அடிதடி, சாதாரணத் திருட்டு போன்ற வழக்குகளில் அந்த ஸ்டேஷன் எல்லைக்குரிய மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனு போட வேண்டும். கீரனூர் ஸ்டேஷன் வழக்கு என்றால் கீரனூர், அறந்தாங்கி என்றால் அறந்தாங்கி. மனுவோடு ஆர்.சி. புத்தகம், இன்சூரன்ஸ், எஃப்.சி., பெர்மிட், எஃப்.ஐ.ஆர். நகல் ஆகியவை போகும். போலீஸ் வண்டியை கோர்ட் கணக்கில் காட்டியிருக்கிறதா என்று பார்ப்பது முதல் வேலை. வழக்குச் சொத்துகளை கோர்ட்டுக்கு அனுப்பும் படிவம் 95 போய்ச் சேரவில்லை என்றால் மனு அங்கேயே இழுக்கும். வண்டியைப் பிடித்த தகவலை உடனே மாஜிஸ்திரேட்டுக்குத் தெரிவிக்க வேண்டியது போலீஸின் சட்டக் கடமை.

அரசுத் தரப்பு பதில் மனுவில் வழக்கமாக வரும் எதிர்ப்புகள் இவை: விசாரணை முடியவில்லை, இதே வண்டி முன்பும் வழக்கில் சிக்கியது, விட்டால் மறுபடியும் அதே வேலைதான் நடக்கும். இதில் முதலாவது எதிர்ப்புக்கு கோர்ட்டில் பெரிய மரியாதை இருக்காது. இரண்டாவது நிஜமாக இருந்தால் உரிமையாளருக்குச் சிக்கல்.

நிபந்தனைகள் என்னென்ன?

உத்தரவு சாதகமாக வந்தாலும் வண்டி உடனே கைக்கு வராது. மதுரை அமர்விலும் கீழ்க் கோர்ட்டுகளிலும் வரும் உத்தரவுகளில் திரும்பத் திரும்ப வரும் நிபந்தனைகள் கிட்டத்தட்ட ஒரே மாதிரி இருக்கும்.

அசல் ஆர்.சி.யைக் காட்டி உரிமையை நிரூபிக்க வேண்டும். சில கோர்ட்டுகள் அசலையே வாங்கி வைத்துக்கொள்ளும், சில கோர்ட்டுகள் நகலை வைத்துக்கொண்டு அசலைத் திருப்பித் தரும். கோர்ட் சொல்லும் தொகைக்கு சொந்தப் பிணைப் பத்திரம், அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர்கள். மணல், கனிமம் போன்ற வழக்குகளில் இதோடு ரொக்க டெபாசிட்டும் கேட்பார்கள். வழக்கு முடியும்வரை வண்டியை விற்கக் கூடாது, அடகு வைக்கக் கூடாது, பெயர் மாற்றக் கூடாது. பெயிண்ட்டையோ, பாடியையோ, இன்ஜினையோ மாற்றி அடையாளத்தைக் குலைக்கக் கூடாது. கோர்ட்டோ, விசாரணை அதிகாரியோ கேட்கும்போது கொண்டுவந்து நிறுத்த வேண்டும். இனி சட்டவிரோதக் காரியத்துக்குப் பயன்படுத்த மாட்டேன் என்று உறுதிமொழிப் பத்திரம் வேறு.

ஜாமீன்தாரர் விஷயத்தில்தான் சாதாரண ஆட்கள் அதிகம் அலைகிறார்கள். சொத்து வைத்திருப்பவராக இருக்க வேண்டும். வீட்டு வரி ரசீது, பட்டா, ஆதார், கிராம நிர்வாக அலுவலரின் சான்று என்று கேட்பார்கள். சொந்தக்காரர் ஒருவர் வந்துவிடுவார், இரண்டாவது ஆளைப் பிடிக்கத்தான் ஊரெல்லாம் சுற்ற வேண்டியிருக்கும்.

நிபந்தனையை மீறினால்? பிணைப் பத்திரத்தில் எழுதிய தொகையைப் பறிமுதல் செய்ய 491-வது பிரிவில் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. அந்தச் சுமை ஜாமீன்தாரர் தலையிலும் விழும். விடுவித்த வண்டியை வேறொருவருக்கு விற்றுவிட்டு, கோர்ட் கேட்கும்போது கைவிரிப்பவர்கள் கையெழுத்துப் போட்ட சித்தப்பாவையும் சேர்த்தே மாட்டிவிடுகிறார்கள்.

தொகை அதிகம் என்றால் அப்படியே விட்டுவிட வேண்டியதில்லை. நிபந்தனையைத் தளர்த்தக் கேட்டு மேல் கோர்ட்டுக்குப் போகலாம். செஷன்ஸ் கோர்ட்டில் சீராய்வு மனு, உயர் நீதிமன்றத்தில் சீராய்வு அல்லது 528-வது பிரிவு மனு என்று வழிகள் இருக்கின்றன. தவணையில் வாங்கிய டிராக்டரை ஓட்டிப் பிழைப்பவரிடம் பெரிய தொகைக்கு வங்கி உத்தரவாதம் கேட்பது, ஒரு கையால் கொடுத்து இன்னொரு கையால் பிடுங்குவது போலத்தான்.

மணல் வண்டி என்றால் கதை வேறு

புதுக்கோட்டையில் பெரும் சிக்கல் இங்கேதான். வெள்ளாறு, அக்னியாறு, அம்புலியாறு ஓடும் மாவட்டம். திருமயம் பக்கம் கல்குவாரிகள். மணல், கிராவல், கல் என்று எதைப் பிடித்தாலும் வழக்கு இரண்டு சட்டத்தில் விழும். ஒன்று, பாரதிய நியாய சன்ஹிதாவின் 303(2) திருட்டுப் பிரிவு. இரண்டாவது, 1957-ம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டத்தின் 21-வது பிரிவு. இரண்டிலும் வழக்குத் தொடரலாம், ஒன்று இன்னொன்றைத் தடுக்காது என்று 2014-ல் டெல்லி அரசு எதிர் சஞ்சய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

கனிமச் சட்டத்தின் 21(4) வண்டியைப் பிடிக்க அதிகாரம் தருகிறது. 21(4ஏ) அந்த வண்டியை கோர்ட் உத்தரவு மூலம் நிரந்தரமாக அரசுடைமை ஆக்க வழி செய்கிறது. பிடிப்பது வேறு, அரசுடைமை ஆக்குவது வேறு. முதலாவதில் வண்டி இன்னும் உரிமையாளருடையதுதான், இரண்டாவது நடந்துவிட்டால் கையை விட்டுப் போய்விடும். இந்த வித்தியாசம் புரியாமல், ‘அபராதம் கட்டினால் வண்டி வந்துவிடும்’ என்ற புரோக்கர் பேச்சை நம்பிக் காத்திருப்பவர்கள் நிறைய. அபராதம் கட்டி வழக்கை முடித்துக்கொள்ளும் வசதி 23ஏ பிரிவில் உண்டுதான். ஆனால் அது கனிமச் சட்டக் குற்றத்துக்கு மட்டும். திருட்டு வழக்கு அதனால் முடிந்துவிடாது என்று 2020 டிசம்பரில் ஜெயந்த் எதிர் மத்தியப் பிரதேசம் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

2018 அக்டோபரில் மதுரை அமர்வு கடுமையான நிலைப்பாடு எடுத்தது. மணல் கடத்தலில் பிடிபடும் வாகனங்களை விடுவிக்கக் கூடாது, அரசுடைமை ஆக்கும் நடவடிக்கையைத் தொடங்க வேண்டும் என்றது. ஆறுகள் சூறையாடப்பட்ட வேகத்தைப் பார்த்தால் அந்தக் கோபத்தைப் புரிந்துகொள்ள முடியும். அதற்குப் பிறகும் வழக்கின் தன்மையைப் பார்த்து டெபாசிட், உறுதிமொழி, அரசுடைமை நடவடிக்கையில் தவறாமல் ஆஜராக வேண்டும் போன்ற நிபந்தனைகளோடு இடைக்காலமாக விடுவித்த உத்தரவுகளும் வந்துள்ளன. அதனால் மணல் வண்டியைப் பொறுத்தவரை ‘கிடைக்கவே கிடைக்காது’ என்பதும் சரியில்லை, ‘நிச்சயம் கிடைக்கும்’ என்பதும் சரியில்லை. முதல் தடவையா, எவ்வளவு மணல், உரிமையாளரே ஓட்டினாரா என்பதெல்லாம் பார்க்கப்படும்.

எந்தக் கோர்ட் என்பதும் முக்கியம். கனிமச் சட்ட வழக்குகளுக்கு சிறப்பு நீதிமன்றம் அமைக்கச் சட்டம் இடம் தருகிறது. அது செஷன்ஸ் கோர்ட் அந்தஸ்தில் இருக்கும். ஆகவே, மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனு போட்டு, ‘இங்கே அதிகாரம் இல்லை’ என்று திருப்பப்பட்ட பிறகு வருத்தப்படுவதைவிட, எஃப்.ஐ.ஆரில் எந்தப் பிரிவு இருக்கிறது என்று முதலிலேயே பார்ப்பது நல்லது.

கடுமை ஏன் வேண்டும் என்று கேட்பவர்களுக்குப் பதில் தூரத்தில் இல்லை. 2025 ஜனவரி 17-ம் தேதி, திருமயம் அருகே சட்டவிரோதக் கல்குவாரிகளுக்கு எதிராகத் தொடர்ந்து புகார் கொடுத்துவந்த முன்னாள் அ.தி.மு.க. ஒன்றியக் கவுன்சிலர் ஜகபர் அலி, லாரி மோதி உயிரிழந்தார். விபத்தாகத் தெரிந்தது கொலை வழக்காக மாறி, சி.பி.சி.ஐ.டி. கைக்குப் போனது. கனிமம் ஏற்றும் லாரிக்குப் பின்னால் எவ்வளவு பணமும் துணிச்சலும் இருக்கிறது என்பதை மாவட்டமே அன்று பார்த்தது. நிபந்தனைகளைத் தளர்த்தச் சொல்லும்போது அந்தப் பக்கத்தையும் கோர்ட் மறக்க முடியாது.

மாட்டு வண்டி பிடிபட்டால்?

ஆற்றோரக் கிராமங்களில் மாட்டு வண்டியில் மணல் அள்ளியதாக வழக்குப் போடுவதும் நடக்கிறது. டிராக்டர் நின்றால் துருப்பிடிக்கும், மாடு நின்றால் தீனி கேட்கும். போலீஸ் ஸ்டேஷனில் வைக்கோல் யார் போடுவது? இதற்கும் சட்டத்தில் இடம் உண்டு. கோர்ட்டுக்குக் கொண்டுபோக முடியாத அல்லது பத்திரமாக வைக்க இடம் இல்லாத சொத்தை, கேட்கும்போது கோர்ட்டில் ஆஜர்படுத்துவேன் என்று பாண்டு எழுதி வாங்கிக்கொண்டு போலீஸ் அதிகாரியே ஒருவரிடம் ஒப்படைக்கலாம். 106-வது பிரிவில் இருக்கிறது. புலன்விசாரணைக்கு இனித் தேவையில்லை என்று தெரியும் பொருளுக்கும் இது பொருந்தும்.

ரேஷன் அரிசி, சாராயம்

ரேஷன் அரிசி கடத்தலில் வண்டி சிக்கினால் நேராக மாஜிஸ்திரேட்டிடம் ஓடக் கூடாது. 1955-ம் ஆண்டின் அத்தியாவசியப் பண்டங்கள் சட்டத்தின் 6ஏ பிரிவில் வண்டியை அரசுடைமை ஆக்கும் அதிகாரம் கலெக்டருக்கு. அந்த நடவடிக்கை நிலுவையில் இருக்கும்போது மற்ற கோர்ட்டுகள் வண்டியை ஒப்படைக்க உத்தரவிட முடியாதபடி 6இ பிரிவு தடுக்கிறது. ஆனால் அரசுடைமை ஆக்கும் முன் உரிமையாளருக்கு எழுத்து மூலம் நோட்டீஸ் தர வேண்டும். தனக்குத் தெரியாமல் நடந்தது, தன் பக்கம் எல்லா முன்னெச்சரிக்கையும் எடுத்தேன் என்று அவர் நிரூபித்தால் வண்டி தப்பும். வாடகைக்கு ஓடும் வண்டி என்றால், பிடிபட்ட சரக்கின் சந்தை விலையைத் தாண்டாத தொகையைக் கட்டி மீட்கவும் வாய்ப்புத் தர வேண்டும். வண்டியின் விலை அல்ல, அரிசியின் விலை. இது தெரியாமல் பயந்துபோய் வண்டியையே கைகழுவியவர்கள் இருக்கக்கூடும்.

மதுவிலக்கு வழக்குகளில் 1937-ம் ஆண்டுச் சட்டத்தின் 14(4) பிரிவு இதேபோல அதிகாரிகளுக்கு அரசுடைமை ஆக்கும் அதிகாரம் தருகிறது. நோட்டீஸ் வந்தால் பதில் சொல்லாமல் இருப்பதுதான் பெரிய தப்பு.

கஞ்சா சிக்கிய லாரி

போதைப்பொருள் வழக்கில் வண்டி போனால் போனதுதான் என்று ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். 2025-ல் வந்த இரண்டு தீர்ப்புகள் அதை மாற்றின.

முதலாவது, ஜனவரி 7-ம் தேதி வந்த பிஸ்வஜித் தே எதிர் அசாம் மாநிலம். கடனில் வாங்கிய லாரி. அதில் பயணித்த ஒருவரிடம் ஹெராயின் சிக்கியது. உரிமையாளர் மீது குற்றச்சாட்டு இல்லை. போதைப்பொருள் சட்டத்தில் இடைக்கால விடுவிப்புக்குத் தடை எதுவும் இல்லை என்றது உச்ச நீதிமன்றம். அது போட்ட நிபந்தனைகள் இன்று மாதிரியாகப் பயன்படுகின்றன. விடுவிக்கும் முன் வண்டியை வீடியோவும் போட்டோவும் எடுத்து, விசாரணை அதிகாரி, உரிமையாளர், குற்றம் சாட்டப்பட்டவர் ஆகியோரின் ஒப்புதல் கையெழுத்து வாங்க வேண்டும். விசாரணை முடியும்வரை விற்கக் கூடாது. கோர்ட் சொன்னால் ஒரு வாரத்தில் வண்டியை ஒப்படைக்க வேண்டும், அல்லது விடுவித்த நாளில் வருமான வரிச் சட்டப்படி கணக்கிட்ட மதிப்பைக் கட்ட வேண்டும்.

இரண்டாவது தமிழ்நாட்டு வழக்கு. சத்தீஸ்கரில் இருந்து ராணிப்பேட்டைக்கு இரும்புத் தகடு ஏற்றி வந்த லாரியில் 6 கிலோ கஞ்சா சிக்கியது. லாரி உரிமையாளர் குற்றவாளிப் பட்டியலிலேயே இல்லை. வண்டியை என்ன செய்வது என்பது 2022 விதிகளின்படி போதைப்பொருள் அழிப்புக் குழுவின் வேலை என்று சொல்லி மனு தள்ளுபடியானது. 2025 அக்டோபரில் டெனாஷ் எதிர் தமிழ்நாடு வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அந்த விதிகளைக் காட்டி சிறப்பு நீதிமன்றத்தின் அதிகாரத்தைப் பறிக்க முடியாது என்று சொல்லி லாரியை விடுவிக்கச் சொன்னது. புதுக்கோட்டையில் இப்படிப்பட்ட மனுக்கள் போக வேண்டிய இடம், அத்தியாவசியப் பண்டங்கள் மற்றும் போதைப்பொருள் வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றம்.

இதை வைத்து எல்லா வண்டியும் வந்துவிடும் என்று நினைக்கக் கூடாது. உரிமையாளரே குற்றவாளி என்றால், அல்லது வண்டியில் ரகசிய அறை செய்து கடத்தியிருந்தால் கோர்ட்டின் பார்வை வேறு மாதிரி இருக்கும்.

விபத்து வண்டியும் இன்சூரன்ஸும்

விபத்து வழக்கில் வண்டி சீக்கிரம் கிடைக்க வேண்டும். ஆய்வுக்காக வண்டியை எடுத்துப்போனால், வேலை முடிந்த 24 மணி நேரத்துக்குள் திருப்பித் தர வேண்டும் என்று மோட்டார் வாகனச் சட்டத்தின் 136-வது பிரிவே சொல்கிறது. மோட்டார் வாகன ஆய்வாளர் பிரேக்கைச் சோதித்துச் சான்று கொடுத்த பிறகு வண்டியை வைத்திருக்கப் பெரிய காரணம் இருக்காது.

ஒரே ஒரு விஷயம் எல்லாவற்றையும் புரட்டிப்போடும். மூன்றாம் நபர் இன்சூரன்ஸ் இல்லை என்றால், பாதிக்கப்பட்டவருக்கு நஷ்டஈடு கொடுக்கும் அளவுக்கு கோர்ட் திருப்தியடையும் பிணை தராமல் வண்டியை விடுவிக்க முடியாது. 2018-ல் உஷா தேவி எதிர் பவன்குமார் வழக்கில் எல்லா மாநிலங்களும் இப்படி விதி கொண்டுவர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 2022 ஏப்ரல் முதல் மத்திய மோட்டார் வாகன விதிகளிலேயே அது வந்துவிட்டது. பிணை தரவில்லை என்றால் 3 மாதம் கழித்து ஏலம் போகும், பணம் விபத்து நஷ்டஈட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகும். செத்தவர் குடும்பத்தின் பக்கம் நின்று பார்த்தால் இது நியாயமான விதி.

வண்டியை விற்றும் பெயர் மாற்றவில்லையா?

பழைய டிராக்டரை வாங்கி, பேப்பரில் கையெழுத்து வாங்கிக்கொண்டு அப்படியே ஓட்டுவது சுற்று வட்டாரத்தில் சாதாரணம். வண்டி பிடிபட்டால்தான் வினை தெரியும். கோர்ட் பார்ப்பது ஆர்.சி.யில் இருக்கும் பெயரை. வாங்கியவர் மனு போட்டால் ‘நீங்கள் யார்?’ என்ற கேள்வி வரும். பதிவு செய்த பழைய உரிமையாளர் வந்து மனு போட வேண்டும், அல்லது ஆட்சேபம் இல்லை என்று எழுதித் தர வேண்டும். விற்றவருக்கும் நிம்மதி கிடையாது. பெயர் மாறாதவரை விபத்து நஷ்டஈட்டுக்கு ஆர்.சி.யில் உள்ளவரே பொறுப்பு என்று 2018 பிப்ரவரியில் நவீன்குமார் எதிர் விஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

தவணை பாக்கி இருக்கும் வண்டி என்றால் ஃபைனான்ஸ் கம்பெனியும் கோர்ட்டில் வந்து நிற்கலாம். தவணை நின்றுபோன வண்டிக்கு இருவரும் உரிமை கேட்டால், யாரிடம் கொடுப்பது என்று முடிவு செய்யும்வரை வண்டி அதே வாசலில்தான் நிற்கும்.

வழக்கு முடிந்த பிறகு?

இடைக்காலமாக வண்டியை வாங்கிப்போனதோடு விஷயம் தீர்ந்துவிடாது. தீர்ப்பு வரும் நாளில் சொத்து பற்றியும் 498-வது பிரிவின்படி தனியாக உத்தரவு வரும். விடுதலை என்றால் பெரும்பாலும் பிணைப் பத்திரம் ரத்தாகி வண்டி முழுசாக உரிமையாளருக்குச் சேரும். டெபாசிட் கட்டிய தொகை தானாக வீட்டுக்கு வராது. திருப்பித் தரக்கூடிய டெபாசிட் என்று உத்தரவில் இருந்தால், தீர்ப்பு நகலையும் பணம் கட்டிய ரசீதையும் வைத்து அதே கோர்ட்டில் தனியாக மனு போட்டுத்தான் வாங்க வேண்டும். அந்த ரசீதைத் தொலைத்துவிட்டு கோர்ட் அலுவலகத்தில் பழைய பதிவேட்டைத் தேடச் சொல்லி நிற்பது தனி அலைச்சல்.